அப்பாவின் பெயரில் இருந்த சிவப்பு

சனிக்கிழமை காலை பத்து மணிக்கு நிக்கல் சுரங்கத்து லாரி ஒன்று தியோ ஊரின் பழைய ஜப்பானியர் தெருவுக்குள் முக்கி முனகி நுழைந்து, ஹமாசாகி வீட்டின் முன்னால் நின்றது. லாரியின் பின்னால் ஒரு கட்டில், இரண்டு மெத்தை, நான்கு பானை, வழியெல்லாம் திட்டிக்கொண்டே வந்த மூன்று கோழி. முன்னால் காஸ்மிரும் அவன் மனைவி மார்செலினும்.

“இறங்கு மகாராணி, அரண்மனை வந்தாச்சு,” என்றான் காஸ்மிர்.

அரண்மனைக்குத் தகரக் கூரை. இரண்டு அறை, பின்னால் ஒரு சமையல்கட்டு, அதற்கும் பின்னால் தனியாகப் புகைபோக்கி வைத்த ஒரு குளியல் கொட்டகை. இருபது வருடமாக யாரும் குடியிருக்காத வீடு. ஏலத்தில் எடுத்தவன் கொஞ்ச காலம் காப்பி மூட்டை அடுக்கி வைத்திருந்தான், பிறகு அவனும் வரவில்லை. கதவைத் திறந்ததும் ஈரச் சாக்கு வாடையும் எலி வாடையும் முகத்தில் அடித்தன. மார்செலினுக்கு அது உறைக்கவே இல்லை. அவள் பிறந்த வீடு அது. இதை வாடகைக்குப் பிடிக்க ஐந்து மாதம் அலைந்திருக்கிறாள்.

அப்பா வரப்போகிறார்.

தொகுஜி ஹமாசாகிக்கு எழுபது வயது. பத்தொன்பதாம் வயதில் அண்ணன் இவாகிச்சியோடு கப்பலேறி இந்தத் தீவுக்கு வந்தவர். சுரங்கத்தில் மண் சுமந்தார், அண்ணனை மண்சரிவில் பறிகொடுத்தார், காய்கறித் தோட்டம் போட்டார், இந்தத் தீவின் பூர்வகுடியான கனாக் இனத்துப் பெண் ஒருத்தியைக் கட்டி மார்செலினைப் பெற்றார். நாற்பத்தொன்றாம் வருடம் டிசம்பரில் ஜப்பான் போரில் இறங்கிய செய்தி வந்த கையோடு தீவிலிருந்த ஜப்பானிய ஆண்களைச் சல்லடை போட்டுப் பிடித்தார்கள். ஆஸ்திரேலியாவில் முள்வேலிக்குள் நாலைந்து வருடம். போர் முடிந்ததும் அங்கிருந்தே ஜப்பானுக்கு அனுப்பிவிட்டார்கள். பெண்டாட்டி பிள்ளைகள் இந்தப் பக்கம் இருக்கிறார்களே என்று ஒருவரும் கேட்கவில்லை.

அப்பாவைப் பிடித்துப் போனபோது மார்செலினுக்கு எட்டு வயது. சாயங்காலம் அப்பா குளிக்கும்போது தேங்காய் நாரால் முதுகு தேய்த்துவிடுவது அவள் வேலை. பாதி முதுகு தேய்த்திருந்தாள், வாசலில் பூட்ஸ் சத்தம் கேட்டது. மீதி முதுகில் நுரை வழிய வழியச் சட்டையை மாட்டச் சொல்லி இழுத்துப் போனார்கள். “இதோ வந்துடறேன் நாமி,” என்று சொல்லிவிட்டுப் போனார். நாமி என்று அவளைக் கூப்பிட உலகத்தில் அவர் ஒருவர்தான் உண்டு.

அம்மா காத்திருந்து காத்திருந்து போய்ச் சேர்ந்துவிட்டாள். மகள் விடவில்லை. மனு மேல் மனு போட்டு, இந்த வருடம் அனுமதி வாங்கிவிட்டாள். மே இருபதாம் தேதி கோபே துறைமுகத்தில் கப்பல் ஏறுகிறார். ஜூன் நடுவில் இங்கே இருப்பார்.

கோழிக்கூடையை இறக்கும்போதே பக்கத்து வீட்டிலிருந்து லியோனி சித்தி வாயில் புகைக்குழாயோடு வந்துவிட்டாள். மார்செலினின் அம்மாவுக்குத் தங்கை. அவள் வந்தால் பின்னாலேயே பேச்சும் வரும்.

“என்னடி, ஜப்பான்காரன் மகளே, உங்கப்பனுக்கு மாளிகை ரெடியா? அந்தக் கொட்டகையப் பாத்தியா? உங்கப்பன் தன்னையே சூப்பு வெச்சுக்கிட்ட எடம்.”

சித்தி சொன்னதில் தப்பில்லை. கொட்டகைக்குள் செங்கல் அடுப்பின் மேல் ஆள் உட்காரும் அளவுக்கு ஓர் இரும்பு அண்டா. அடியில் விறகு எரியும். தண்ணீரின் மேல் வட்ட மரப்பலகை மிதக்கும், அதை மிதித்து அமுக்கிக்கொண்டு உள்ளே இறங்க வேண்டும், இல்லையென்றால் கால் வெந்துவிடும். காஸ்மிர் அண்டாவை எட்டிப் பார்த்துவிட்டுச் சிரித்தான்.

“கொஞ்சம் கிழங்கு, ரெண்டு வெங்காயம் போட்டா மாமனாரோட சேத்து ஊருக்கே விருந்து வைக்கலாம்.”

“வாயக் கழுவு,” என்றாள் மார்செலின். சொல்லும்போது அவளுக்கும் சிரிப்பு வந்தது.

வாசல் கதவில் உள்ளங்கை அகலத்துக்குச் சிவப்புச் சாயத்தில் ஓர் எண் இருந்தது. இந்தத் தெருவில் எல்லாக் கதவிலும் அது உண்டு.

“பறிமுதல் பண்ண வீடுன்னு அடையாளம்,” என்றாள் சித்தி. “தோட்டத்துக்காரன் கைவண்டிய விடல, தையக்காரன் மிஷின விடல. எல்லாத்துலயும் இந்தச் சிவப்பத்தான் பூசினானுங்க.”

மார்செலின் கத்தியை எடுத்துச் சுரண்ட ஆரம்பித்தாள். ஒரு மணி நேரம் சுரண்டினாள். எண் போன இடத்தில் வெள்ளை மரம் தெரிந்தபோது அவளுக்கு நெஞ்சே லேசானது.

அதே வேகத்தில்தான் பிற்பகல் அவளும் சித்தியும் கல்லறைக்குப் போனார்கள். அங்கே போனதுதான் வினை.

தாது ஏற்றும் துறையைத் தாண்டி, கடலைப் பார்த்த சரிவில் ஜப்பானியர்களின் கல்லறைகள். பாதிக்கு மேல் காட்டுக்கொடி ஏறி மூடிக் கிடந்தன. பெரியப்பா இவாகிச்சியின் கல்லை அவளுக்குத் தெரியும். கொடியை அறுத்துப் போட்டுவிட்டுப் பார்த்தால், கல்லில் இரண்டு பெயர் பக்கத்தில் பக்கத்தில். ஒன்று வெறும் கல்வெட்டு. மற்றதன் பள்ளங்களில் சிவப்பு.

அந்தச் சிவப்புப் பெயர் அப்பாவுடையது. அவளுக்கு ஜப்பானிய எழுத்து வாசிக்கத் தெரியாது. ஜப்பானில் அமாகுசா தீவில் அப்பாவின் ஊரில் இருந்த பிரெஞ்சுப் பாதிரியார்தான் அவருக்குப் பிரெஞ்சில் கடிதம் எழுதிக் கொடுப்பார். ஆனால் ஒவ்வொரு கடிதத்தின் அடியிலும் அப்பா தன் கையால் ஜப்பானிய எழுத்தில் தன் பெயரைப் போட்டு, அதற்கும் கீழே நாமி என்று இரண்டே எழுத்து எழுதுவார். அந்தக் கையெழுத்தை விரலால் தடவித் தடவி அவள் மனப்பாடம் செய்திருந்தாள்.

“சித்தி, இங்க பாருங்க. கல்லையும் விட்டு வைக்கலியே.”

சித்தி மரத்தடியில் உட்கார்ந்தபடியே கழுத்தை நீட்டிப் பார்த்தாள். “கதவுல பூசினவனுக்குக் கல்லு என்ன, கோயில் என்ன? அவன் பேரையும் பறிமுதல் பண்ணிட்டானுங்க போல. தேச்சு எடுடி. மனுசன் வந்து பாத்தா வயிறு எரிஞ்சு போவான்.”

எலுமிச்சையை இரண்டாக நறுக்கி, மணலைத் தொட்டுத் தேய்த்தாள். பிறகு தேங்காய் நார். சிவப்பு லேசில் விடவில்லை. பள்ளத்துக்குள் குச்சி விட்டு நோண்டினாள். சிவந்த தண்ணீர் கல்லின் அடியில் புல்லுக்குள் இறங்கியது. கடைசி எழுத்தின் கடைசி வளைவில் இருந்த சிவப்பையும் எடுத்துவிட்டு ஒரு வாளி தண்ணீர் ஊற்றியபோது வெயில் சாய்ந்துவிட்டது.

துறையில் தாது கொட்டும் இரைச்சல் நின்றது. சனிக்கிழமை, வேலை முடிந்திருக்கும்.

அந்த அமைதிக்குள் யாரோ நீளமாக ஒரு மூச்சு விட்டது போலிருந்தது. மார்செலின் திரும்பினாள்.

“என்ன சித்தி?”

“நான் ஒண்ணும் சொல்லலியே,” என்றாள் சித்தி.

வீடு திரும்பும்போது தெருமுனையிலேயே புகை தெரிந்தது. குளியல் கொட்டகையின் புகைபோக்கியிலிருந்து நேராக, நிதானமாக ஏறிக்கொண்டிருந்தது. காஸ்மிர் வாசலில் உட்கார்ந்து செருப்புக்கு ஆணி அடித்துக்கொண்டிருந்தான்.

“பரவால்லியே, எனக்கு வெந்நீர் போட்டிருக்கியா?” என்றாள் அவள்.

“நானா? நீ போட்டுட்டுப் போனேன்னு நெனச்சேன். லாரிய விட்டுட்டு வந்ததுலேர்ந்து எரியுதே.”

இருவரும் போய்ப் பார்த்தார்கள். அடுப்பில் இருபது வருடச் சாம்பல் அப்படியே குளிர்ந்து கிடந்தது, மேலே சிலந்தி வலைகூட அறுபடவில்லை. அண்டா நிறையத் தண்ணீர். காஸ்மிர் கையை விட்டுவிட்டு வெடுக்கென்று எடுத்தான். கொதித்தது.

மரப்பலகை அடியில் அமுங்கிக் கிடந்தது. ஆள் ஏறி உட்கார்ந்தால் கிடப்பது மாதிரி.

அவர்கள் பார்க்கப் பார்க்க அது மெதுவாக மேலே வந்தது.

“பழைய வீடு. அடியில வெந்நீர் ஊத்து ஏதாவது இருக்கும்,” என்றான் காஸ்மிர். அவன் நல்லவன், பொய் சொல்லத் தெரியாதவன். இந்தப் பொய்யும் அவனுக்குச் சரியாக வரவில்லை.

திங்கட்கிழமை தபாலில் கடிதம் வந்தது. அமாகுசாவில் மே ஒன்றாம் தேதி எழுதியது. அஞ்சலகத்து வாசல் பெஞ்சில் உட்கார்ந்தே மார்செலின் பிரித்தாள். பாதிரியாரின் சாய்வெழுத்தில் அப்பா பேசினார். குளிருக்குச் சட்டை வாங்கியாயிற்று, பல் இரண்டு போய்விட்டது, உன் புருஷன் மீன் தின்பானா என்றெல்லாம் கேட்டுவிட்டு, கடைசியில் இப்படி இருந்தது:

‘அண்ணன் கல்லில் என் பெயரையும் சேர்த்து வெட்டி வைத்திருக்கிறேன். செத்தால் அவன் பக்கத்தில் படுக்க வேண்டும் என்று அவனுக்குக் கல் நட்டபோதே செய்தது. எங்கள் வழக்கப்படி, உயிரோடு இருப்பவன் பெயரைக் கல்லில் வெட்டினால் அதற்குச் சிவப்புப் பூசி வைப்போம். அவன் செத்த அன்றைக்குத்தான் சிவப்பை எடுப்போம். இத்தனை மழையில் என் சிவப்பு வெளுத்திருக்கும். நான் வருவதற்குள் கொஞ்சம் புதுச் சாயம் பூசி வை, நாமி. செத்தவனாக ஊருக்குள் நுழைய எனக்கு மனசில்லை.’

அவள் அதை மூன்று முறை படித்தாள். இந்தத் தீவில் குளிர்காலம் தொடங்கும் மே மாதத்துக் காற்று குளிர்ந்துதான் வீசியது, அவளுக்கு முதுகெல்லாம் வியர்த்துவிட்டது.

“கல்லத் தொடச்சா மனுசன் சாவானா?” என்றான் காஸ்மிர், அன்று மத்தியானம் சாப்பிட வந்தவன். “அப்படின்னா நம்ம மேஸ்திரி பேர நானே செதுக்கித் தொடச்சிருப்பேன். போ, ஒரு டப்பா சாயம் வாங்கிப் பூசிட்டு வா. தீந்துச்சு.”

படகுக்கு அடிக்கும் சிவப்புச் சாயம் ஒரு டப்பா வாங்கிக்கொண்டு ஓட்டமும் நடையுமாகப் போனாள். அவசரத்தில் பல இடங்களில் சாயம் எழுத்துக்கு வெளியே வழிந்தது. ‘அப்பா உயிரோட இருக்கார், அப்பா உயிரோட இருக்கார்’ என்று வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே பூசினாள்.

செவ்வாய்க்கிழமை காலை தந்தி வந்தது. பாதிரியார் அனுப்பியிருந்தார். தொகுஜி ஹமாசாகி சனிக்கிழமை மாலை குளிக்கும்போது இறந்தார்.

மார்செலின் அழவில்லை. தந்தியை மடித்து மடித்துப் பொடிசாக்கிக் கைக்குள் வைத்துக்கொண்டு, அடுப்புப் பக்கம் தரையில் உட்கார்ந்திருந்தாள். சித்திக்குத்தான் ஒப்பாரி பொங்கி வந்தது.

“நாந்தாண்டி தொடைன்னு சொன்னேன். எனக்குத் தெரியாதுடி.”

“எழுபது வயசு, வெந்நீரு, நெஞ்சு,” என்றான் காஸ்மிர் தாழ்ந்த குரலில். “எங்கயும் நடக்கறதுதான்.”

“சனிக்கிழமை,” என்றாள் மார்செலின். “நான் கடைசி எழுத்தத் தொடச்ச நேரம்.”

சித்தி மூக்கைச் சிந்திவிட்டு, குரலை அடக்கிக் கேட்டாள். “நேத்து மறுபடி சிவப்பு பூசினியே. இப்ப அவன் செத்தவன். செத்தவன உயிரோட இருக்கான்னு கல்லுல சொல்லி வெச்சிருக்கோம். அது நல்லதில்லடி. போய் எடுத்துடு.”

“முடியாது.”

“மார்செலின்...”

“ஒரு தடவ என் கையால தொடச்சேன். இன்னொரு தடவ என்னக் கூப்பிடாதீங்க சித்தி.”

அந்தப் பேச்சு அதோடு நின்றது. இருபது வருடம் காத்திருந்தவளிடம் யார் போய் வாதாடுவது?

புதன்கிழமை. சுரங்கத்தில் காஸ்மிருக்குப் பிற்பகல் முறை, இருட்டி வெகு நேரம் கழித்துத்தான் வருவான். மார்செலின் சமையல்கட்டில் கிழங்கு சீவிக்கொண்டிருந்தாள். வெயில் மலைக்குப் பின்னால் இறங்கி, முற்றம் பழுப்பு நிறத்துக்கு வந்திருந்தது.

புகை வாசனை வந்தது. உள்ளூர் விறகு இல்லை. பைன் மரச் சுள்ளியும் கற்பூரமும் கலந்த ஒரு வாசனை. இந்தத் தீவில் அவள் முகர்ந்ததே இல்லை.

பிறகு தண்ணீர்ச் சத்தம். ஒரு சின்ன வாளியில் மொண்டு தோளில் ஊற்றிக்கொள்ளும் சத்தம். ஒரு முறை. இடைவெளி. இன்னொரு முறை.

கிழங்கு கையிலிருந்து நழுவி உருண்டது.

கொட்டகைக் கதவு ஒரு சாண் திறந்திருந்தது. உள்ளேயிருந்து வெள்ளையாக ஆவி வந்துகொண்டிருந்தது.

“நாமி,” என்றது உள்ளே ஒரு குரல். கரகரப்பான, பல் போன வாயின் குரல். “முதுகு.”

அவள் அன்று போகவில்லை. பூட்டிய கதவுக்குப் பின்னால் காதைப் பொத்திக்கொண்டு கிடந்தாள். வியாழக்கிழமையும் போகவில்லை. வெள்ளிக்கிழமை அந்தக் குரல் கெஞ்சியது. குளிருது நாமி, சோப்பு காஞ்சு போச்சு நாமி, பாதியோட விட்டுட்டியே.

பயமா, ஆசையா என்று கேட்டால் அவளுக்கே பதில் தெரியாது. எழுந்தாள். முற்றத்தைக் கடந்தாள். கதவைத் தள்ளினாள்.

ஆவிக்குள் கண் பழக நேரம் பிடித்தது. அண்டாவுக்கு வெளியே, தாழ்ந்த முக்காலியில், அவளுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஒருவர் குனிந்து உட்கார்ந்திருந்தார். கழுத்து ஒடிந்த மாதிரி மெலிந்திருந்தது. இடப்பாதி சுத்தமாக இருந்தது. வலப்பாதியில் காய்ந்த நுரை.

“அப்பா,” என்றாள்.

அவர் திரும்பவில்லை. முழங்காலில் இருந்த கையை மட்டும் லேசாகத் தூக்கி, முதுகைத் தொட்டுக் காட்டினார்.

நாரை எடுத்தாள். தேய்த்தாள். தோல் தோலாக இல்லை. வெயிலே படாத இடத்துக் கல்லின் குளிர். அழுத்தித் தேய்த்தபோது விரலுக்குப் பள்ளங்கள் தட்டுப்பட்டன. நேராக இறங்கும் ஒரு பள்ளம். குறுக்கே ஒன்று. ஒரு வளைவு.

அந்த வளைவு அவளுக்குத் தெரியும். அதற்குள் அவள்தான் குச்சி விட்டு நோண்டினாள்.

கையை எடுத்துப் பார்த்தாள். உள்ளங்கை முழுக்கச் சிவப்பு.

கத்தியிருக்க வேண்டும். அவள் கத்தவில்லை. அழுகை வந்தது, அழுதுகொண்டே மீதி முதுகையும் தேய்த்தாள். அப்பா சுகமாக முனகினார், அவளுக்கு எட்டு வயதில் முனகிய அதே முனகல். முடித்துத் தண்ணீர் ஊற்றியபோது முக்காலியில் யாருமில்லை. அடுப்பில் சிலந்தி வலை அசைந்துகொண்டிருந்தது.

அதற்கப்புறம் தினமும் போனாள்.

சொல்லப்போனால் அந்த நாட்களில் அவள் சந்தோஷமாகவே இருந்தாள். பகலில் பாட்டு முணுமுணுத்தாள். பிற்பகல் மூன்று மணிக்கே வேலையை முடித்துவிட்டு, தலை வாரி, புகைபோக்கியைப் பார்த்தபடி உட்கார்ந்துவிடுவாள். ஆனால் சாப்பாடு இறங்கவில்லை. எத்தனை போர்வை போர்த்தினாலும் உடம்பு சில்லென்று இருந்தது. விரல் நுனிகள், ரொம்ப நேரம் தண்ணீரில் ஊறினால் சுருங்குமே, அப்படிச் சுருங்கின. மறுநாள் மத்தியானமும் சுருங்கியே இருந்தன. அப்புறம் அவை விரியவே இல்லை.

காஸ்மிர் சுரங்கத்தில் காலை முறைக்கு மாற்றிக்கொண்டு சீக்கிரம் வந்த அன்று எல்லாம் தெரிந்துபோனது. கொட்டகை வாசலில் அவன் நின்றான். உள்ளே ஆவியும் இல்லை, வெந்நீரும் இல்லை. அரையிருட்டில் அவன் மனைவி மண்டியிட்டு, காலியான முக்காலிக்கு மேல் வெறும் காற்றைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். கை ஒரே இடத்தில் நின்று, சாய்ந்து, வளைந்தது. யாருடைய தோளோ அங்கே இருப்பது போல.

அவளைத் தூக்கிக்கொண்டு வந்து அடுப்பருகில் போட்டான்.

“என்னால முடியலடி,” என்றான். அவன் குரல் உடைந்து அவள் அதுவரை கேட்டதில்லை. “உன் கையத் தொட்டா பொணத்தத் தொடற மாதிரி இருக்கு. நாளைக்கே போய் அந்தச் சிவப்பத் தொடச்சுடறேன்.”

“வேணாம் காஸ்மிர். அவருக்குப் போக எடமில்ல.”

“எடம் இருக்கு. அண்ணன் பக்கத்துல இருக்கு. அதுக்குத்தான அந்த மனுசன் பேர வெட்டி வெச்சான்? நாமதான் உள்ள விடாம உயிரோட இருக்கான்னு வாசல்லயே நிக்க வெச்சிருக்கோம்.”

அவன் சொன்னது நியாயம். ராத்திரி முழுக்க யோசித்துவிட்டு, விடியும்போது, “சரி. நீயே போ. நான் வரல,” என்றாள். சொன்ன பிறகுதான் வாய்விட்டு அழுதாள். அப்பாவுக்காக அவள் ஒழுங்காக அழுதது அப்போதுதான்.

காஸ்மிர் வேலைக்கு மட்டம் போட்டுவிட்டு, எலுமிச்சை, மணல், கம்பித் தூரிகை எல்லாம் சாக்கில் கட்டிக்கொண்டு போனான். போனவன் திரும்பி வரும்போது சாயங்காலம் நாலரை மணி. வாசலுக்கு வரும்போதே சீட்டி அடித்துக்கொண்டு வந்தான். முழங்கை வரைக்கும் சிவப்பு.

“முடிஞ்சது. பளிங்கு மாதிரி ஆக்கிட்டு வந்திருக்கேன். உங்கப்பனுக்கு வணக்கம் சொல்லி, ஒரு சொட்டு ரம்மும் ஊத்திட்டு வந்தேன். காப்பி குடு, செத்தே போயிட்டேன்.”

அவள் காப்பி வைத்தாள். கொட்டகைப் பக்கம் ஒரு சத்தமும் இல்லை. புகைபோக்கி வெறுமையாக நின்றது. நெஞ்சில் ஒரு பாரம் இறங்கி, அந்த இடத்தில் பெரிய வெற்றிடம் வந்து உட்கார்ந்தது. பரவாயில்லை, பழகிவிடும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். காஸ்மிர் எதிரில் உட்கார்ந்து ரொட்டியைக் காப்பியில் முக்கித் தின்றான்.

“உங்கப்பன் பேரத் தேய்க்கறது கூடப் பெரிசில்ல,” என்றான் வாய் நிறைய ரொட்டியோடு. “கீழ சின்னதா ஒண்ணு இருந்துச்சு பாரு, அதுதான் உசுர வாங்கிடுச்சு.”

“கீழயா? கீழ ஒண்ணும் கெடையாதே.”

“இருந்துச்சுடி. ரெண்டு பேருக்கும் நடுவுல, கீழ. நேத்துதான் செதுக்கின மாதிரி, கல்லுத் தூள் கூட உதிரல. அதுலயும் சிவப்பு. நீ அன்னைக்குப் பூசும்போது சிந்தினதுன்னு நெனச்சேன்.”

அவள் கையிலிருந்த கோப்பையை மேசையில் வைத்தாள்.

“அத என்ன பண்ணின?”

“என்ன பண்ணுவாங்க? அதையும் சேத்துத் தொடச்சுட்டேன்.”

“எப்படி இருந்துச்சு? போட்டுக் காட்டு.”

காஸ்மிர் காப்பியில் விரலை நனைத்தான். மேசைப் பலகையில் ஒரு குறுக்குக் கோடு போட்டான். அதை வெட்டிக்கொண்டு வளைந்து இறங்கும் ஒரு கோடு. அதற்குக் கீழே, சாய்வாக, சின்னச் சின்னதாக மூன்று கோடு.

இரண்டே எழுத்து. கடிதத்தின் அடியில் அப்பா பெயருக்குக் கீழே இருக்கும் அதே இரண்டு எழுத்து.

“என்னடி? ஏன் அப்படிப் பாக்கற? என்ன எழுதியிருக்கு?”

அவள் சொன்னாள்.

காஸ்மிர் நாற்காலி பின்னால் விழ எழுந்தான். அலமாரியைத் திறந்து, மூலையில் மீதமிருந்த சாய டப்பாவை எடுத்தான். “இங்கயே இரு. எங்கயும் போவாத. சித்தியக் கூப்பிட்டு வெச்சுக்க. நான் இப்பவே போய்ப் பூசிட்டு வந்துடறேன், இப்பவே,” என்று சொல்லிக்கொண்டே செருப்புக்கூடப் போடாமல் ஓடினான். தெருவில் அவன் காலடிச் சத்தம் தூரத்தில் தேய்ந்து மறையும் வரை கேட்டது.

கல்லறைக்கு ஓடினாலும் இருபது நிமிடம் ஆகும்.

சித்தியைக் கூப்பிட வாயைத் திறந்தாள். குரல் வரவில்லை. எழுந்திருக்கப் பார்த்தாள். கால் இருந்தது, கேட்கவில்லை. வெளியே முற்றம் பழுப்பாக மாறிக்கொண்டிருந்தது. புகைபோக்கியிலிருந்து புகை கிளம்பியது.

பத்து நிமிடம் ஆகியிருக்கும். பாதி வழி போயிருப்பான்.

கொட்டகையில் தண்ணீர் மொள்ளும் சத்தம் இல்லை. அங்கே யாரும் கூப்பிடவும் இல்லை. பைன் சுள்ளியும் கற்பூரமும் கலந்த வாசனை முற்றத்தைக் கடந்து, சமையல்கட்டு வாசலைத் தாண்டி, அவள் நாற்காலிக்குப் பின்னால் வந்து நின்றது.

கழுத்துக்குக் கீழே, சட்டைக்கு உள்ளே, ஈரமான தேங்காய் நார் பட்டது.

மெதுவாக, அன்பாக, மேலிருந்து கீழே தேய்த்தது. ஒரு குறுக்குக் கோட்டின் மேல் போய்ப் போய் வந்தது. பிறகு ஒரு வளைவு. எங்கும் வலிக்கவில்லை. தேய்த்த இடத்தில் ஒன்றுமே தெரியாமல் போனது.

சிவந்த தண்ணீர் நாற்காலியின் காலில் இறங்கி, அவள் பாதத்தைச் சுற்றிக்கொண்டு வாசலை நோக்கி ஓடியது.

“அசையாம உக்காரு நாமி,” என்றது அப்பாவின் குரல், காதுக்குப் பக்கத்தில். “இன்னும் மூணு கோடுதான் பாக்கி.”